பெரட்டு டிவியின் லண்டன் நிருபர்

1

நான் வேலை செய்யும் முதியோர் இல்லத்தில் பகல் சாப்பாட்டு நேரத்தில் தொலைக்காட்சி ஓடிக்கொண்டேயிருக்கும். சென்ற மாதம் ஒரு புதன்கிழமை, செய்தியில் ஒரு நிருபர் குடையோடு ஒரு மூடிய கதவுக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தார். உள்ளே ஏதோ கூட்டமாம். யாரும் இன்னும் வெளியே வரவில்லையாம். வந்தால் உடனே சொல்வாராம். ஸ்டூடியோவில் இருந்த பெண், “யாராவது வருவதற்கான அறிகுறி தெரிகிறதா?” என்று கேட்டார். நிருபர் திரும்பிக் கதவைப் பார்த்தார். “இல்லை” என்றார்.

எனக்குச் சிரிப்பு வந்து, கையில் இருந்த கஸ்டர்ட் சிந்திவிட்டது. நான் ஊட்டிக்கொண்டிருந்தவர் தொண்ணூறு வயது கடந்த பழைய பஸ் சாரதி. என்ன வேடிக்கை என்று கேட்டார்.

“என் தம்பி இதைவிட நன்றாகச் செய்வான்” என்றேன்.

“உன் தம்பி தொலைக்காட்சியிலா இருக்கிறான்?”

“இல்லை. இலங்கையில், ஹட்டனில் போன் திருத்துகிறான்.”

“அப்படியானால் சரி” என்று அவர் வாயைத் திறந்தார்.

இந்த நாட்டுக்கு வந்து இந்த மார்கழியோடு இருபது வருடம் ஆகிறது. நான் இருப்பது லீட்ஸ். லண்டனிலிருந்து ரயிலில் இரண்டரை மணி நேரம். இதை நோர்வூட்டுக்கு மேலே இருக்கும் எங்கள் தேயிலைத் தோட்டத்து மக்களுக்கு விளக்கும் முயற்சியை மூன்றாம் வருடமே கைவிட்டுவிட்டேன். அங்கே நான் லண்டன் ஜெசி.

2

லயம் என்றால் தோட்டத் தொழிலாளருக்காக ஒரே கூரையின் கீழ் வரிசையாகக் கட்டிய ஒற்றை அறை வீடுகள்; ஒவ்வோர் அறையும் ஒரு காம்பரா. எங்கள் லயத்தில் முதல் தொலைக்காட்சி எங்கள் வீட்டில்தான் இருந்தது. கறுப்பு வெள்ளைப் பெட்டி, கார் பேட்டரியில் ஓடும். அப்பா அதை நோர்வூட்டில் பழையதாக வாங்கித் தலையில் சுமந்துகொண்டு வந்தார். மூன்று மாதத்தில் சத்தம் போய்விட்டது. படம் மட்டும் வந்தது. திருத்துபவர் பார்த்துவிட்டு, கொழும்பிலிருந்து ஒரு சாமான் வரவேண்டும் என்றார். அது வர எட்டு மாதம் ஆனது.

அந்த எட்டு மாதமும் என் தம்பி ஸ்டான்லி பெட்டிக்குப் பக்கத்தில் நின்று எல்லாருக்காகவும் பேசினான். அப்போது அவனுக்குப் பத்து வயது. கோட்டுப் போட்ட செய்தி வாசிப்பாளர் வாயைத் திறந்தால், “வணக்கம். இன்று நாலாம் லயத்தில் ஒரு கோழி இரண்டு முட்டை இட்டது. மூன்றாவது முட்டையைப் பற்றி அரசாங்கம் வாய் திறக்கவில்லை” என்பான். நாடகத்தில் கதாநாயகி தூணைப் பிடித்துக்கொண்டு அழுதால், “ஐயோ, ரொட்டி கருகிப்போச்சே!” என்பான். முகத்தில் ஒரு அசைவும் இருக்காது. பக்கத்து லயங்களிலிருந்தும் ஆட்கள் வந்து உட்கார்ந்தார்கள்.

கடைசியில் அந்தச் சாமான் வந்தது. அப்பா பெருமையாகப் பெட்டியைப் போட்டார். உண்மையான செய்தி உண்மையான குரலில் வந்தது. எல்லாரும் மரியாதையாகப் பத்து நிமிடம் கேட்டார்கள். பிறகு அடுத்த காம்பராவில் இருந்த லெட்சுமி அக்கா சொன்னார்:

“மாமா, அந்தச் சத்தத்தக் கொஞ்சம் கொறைங்க. நம்ம பய பேசுறது விளங்கல.”

3

லெட்சுமி அக்காவுக்கு என்னைவிட நான்கைந்து வயது கூட. இன்றும் அதே லயத்தில், அதே காம்பராவில் இருக்கிறார். கொழுந்து பறிக்கிறார். கணவர் இறந்துவிட்டார். ஒரே மகள் தர்ஷினி.

பல வருடம் கழித்து ஸ்டான்லி, தன் கடையில் திருத்த வந்து யாரும் திரும்ப எடுக்காமல் போன ஒரு போனில் படம் பிடிக்கத் தொடங்கினான். ஞாயிற்றுக்கிழமைகளில்தான் படப்பிடிப்பு; எடுத்ததை இணையத்தில் போடுவான். பின்னால் ஒரு நீலப் போர்வை, முன்னால் ஒரு மேசை. மேசையில் செய்தி வாசிப்பாளராக லெட்சுமி அக்கா; அவருக்கு எழுத்து அவ்வளவாக வராது, எல்லாம் மனப்பாடம். பெயர் பெரட்டு டிவி. காலையில் வேலைக்குப் பெயர் கொடுக்கத் தொழிலாளர் கூடும் இடத்தைத்தான் எங்கள் பக்கம் பெரட்டு என்போம். “காலங்காத்தால எல்லாச் செய்தியும் அங்கதானே வருது” என்றான் ஸ்டான்லி.

முதல் நிகழ்ச்சியில் லெட்சுமி அக்கா கமராவை நேராகப் பார்த்து, “முக்கியச் செய்தி. இன்று எதுவும் நடக்கவில்லை. இதைப் பற்றிய மேலதிக விவரங்களுக்காகக் காத்திருக்கிறோம்” என்றார். ஒரு நிமிடம் காத்திருந்தார். அவ்வளவுதான் நிகழ்ச்சி.

திரையின் அடியில் ஓடும் செய்தி வரியை எப்படிச் செய்வது என்று அவர்களுக்குத் தெரியவில்லை. அதனால் ஸ்டான்லியின் மனைவி புஷ்பம், எழுதிய அட்டையை நெஞ்சுக்கு முன்னால் பிடித்துக்கொண்டு, குந்தியபடியே மேசைக்கு முன்னால் வலமிருந்து இடமாக நகர்ந்து போவாள். பிறகு பின்பக்கமாகச் சுற்றி ஓடிவந்து மீண்டும் நகர்வாள். சில நேரம் மூச்சு வாங்கும். லெட்சுமி அக்கா வாசிப்பதை நிறுத்திவிட்டு அவளுக்குத் தண்ணீர் கொடுப்பார். பிறகு வாசிப்பார்.

வானிலை அறிக்கை ஓய்வுபெற்ற முத்தையா கங்காணி. “நுவரெலியாவில் மழை. ஹட்டனில் மழை. வட்டவளையைப் பற்றி, மழை நின்றால் மட்டும் அறிவிப்போம்.” வட்டவளை என் கணவரின் ஊர். அவர் மட்டும் இதற்குச் சிரிக்கவில்லை. “உண்மையத்தானே சொல்றாரு” என்றார்.

லீட்ஸில் சனிக்கிழமை காலையில் உடுப்புத் தோய்த்துக் காயப்போட்டுவிட்டு நான் இதைப் பார்ப்பேன். என் மகள் ரெபெக்கா அப்போதெல்லாம் காதில் எதையோ செருகிக்கொண்டு தன் அறைக்குள் இருப்பாள். அவளுக்குப் பதினைந்து வயது. நான் தமிழில் கேட்டால் ஆங்கிலத்தில் பதில் வரும். இரண்டு வருடம் சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்கு அனுப்பினேன். அங்கே யாழ்ப்பாணத்து ஆசிரியை ஒருவர், நல்லவர், அவள் “இருக்காங்க” என்றால் “இருக்கினம்” என்று திருத்துவார். வீட்டுக்கு வந்து “இருக்கினம்” என்றால் நான் சிரித்துவிடுவேன். இரண்டு பக்கமும் பிழையாகிப் போன பிள்ளை பேசுவதையே விட்டுவிட்டாள். அது என் பிழை என்று எனக்குத் தெரியப் பல வருடம் ஆனது.

4

இந்த இடத்தில் ஒரு படிவத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

இங்கே வந்த புதிதில் ஓர் அலுவலகத்தில் என் பழைய விலாசத்தைக் கேட்டார்கள். வீட்டு இலக்கம், தெருப் பெயர், தபால் குறியீடு என்று மூன்று கட்டங்கள். எங்கள் தோட்டத்தில் இந்த மூன்றுமே இல்லை. தோட்டத்தின் பெயர்தான் எல்லாருக்கும் விலாசம். கடிதங்கள் தோட்ட ஆபிசுக்கு வரும். அங்கிருந்து யாராவது, எப்போதாவது கொண்டுவந்து தருவார்கள். நான் “நாலாம் லைன், ஐந்தாம் ரூம்” என்று எழுதிக் கொடுத்தேன்.

“ரூமா?” என்று கேட்டார் அங்கே இருந்த பெண்மணி.

“ஆமாம்.”

“எவ்வளவு காலம் அந்த ரூமில் இருந்தீர்கள்?”

“இருபத்துநான்கு வருடம்.”

அவர் எதையோ தட்டினார். பிற்பாடு அந்தக் கடதாசியின் பிரதி வந்தபோதுதான் பார்த்தேன். விலாசத்தின் வகை என்ற இடத்தில் ‘ஹோட்டல்’ என்று இருந்தது. திருத்தச் சொல்லிக் கடிதம் எழுதினேன். திருத்துவதற்குப் பழைய விலாசத்தின் அத்தாட்சி வேண்டும் என்று பதில் வந்தது. விட்டுவிட்டேன்.

ரெபெக்கா ஒருநாள் அந்தக் கடதாசியைக் கண்டெடுத்துப் பார்த்திருக்கிறாள். என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை. பள்ளியில் குடும்ப வரலாறு எழுதச் சொன்னபோது, தன் அம்மா மலையில் ஒரு ஹோட்டலில் வளர்ந்தவர் என்று எழுதி நல்ல புள்ளியும் வாங்கியிருக்கிறாள்.

5

சென்ற வருடம் தர்ஷினிக்கு ஒரு கடிதம் வந்தது. உயர்தரம் பாஸ் பண்ணி, ஆசிரியர் பயிற்சிக்குக் கல்வியியற் கல்லூரிக்கு விண்ணப்பித்திருந்தாள். நேர்முகத் தேர்வுக்கான அழைப்பு அது. லயத்திலிருந்து முதல் டீச்சர் என்று லெட்சுமி அக்கா யாரிடமும் சொல்லவில்லை. ஆனால் டீச்சர் பயிற்சிக்குப் போகும் பெண்கள் கட்டும் வெள்ளைச் சேலை ஒன்றை ஹட்டனில் வாங்கி வைத்திருந்தார்.

கடிதம் ஆபிசுக்கு வந்தது. தோட்டத்தில் மூன்று தர்ஷினிகள். ஆபிசில் அதை மேல் கணக்கு, அதாவது தோட்டத்தின் மேல் பிரிவுத் தர்ஷினிக்குக் கொடுத்தனுப்பினார்கள். அந்தத் தர்ஷினிக்கு நான்கு வயது. அவளுடைய அப்பா சில நாள் கழித்து, பிள்ளை இன்னும் நேர்முகத் தேர்வுக்குத் தயாரில்லை என்று சொல்லித் திருப்பிக் கொடுத்தார். அது மேசையில் ஒரு பேப்பர் வெயிட்டின் கீழே இருந்தது. லெட்சுமி அக்கா கைக்கு வந்தபோது பத்தொன்பது நாள் ஆகியிருந்தது. நேர்முகத் தேர்வு முடிந்து இரண்டு நாள்.

தர்ஷினி சாப்பிடாமல் படுத்துவிட்டாள். லெட்சுமி அக்கா ஆபிசுக்குப் போய்க் கேட்டார். ஆபிசின் தலைமைக் குமாஸ்தாவான பெரிய கிளாக்கர், “கடிதம் கெடைச்சிருச்சுதானே?” என்றார். அக்கா திரும்பி வந்து, ஸ்டான்லியின் காம்பரா வாசலில் நின்று சொன்னாராம்:

“தம்பி, போர்வையக் கட்டு. செய்தி வாசிக்கணும்.”

6

அடுத்த நாள் ஞாயிறு. ஆபிஸ் பூட்டியிருந்தது. ஸ்டான்லி கழுத்தில் டையோடு அதற்கு முன்னால் நின்றான். கையில் மைக்குக்குப் பதில் ஒரு அகப்பை.

“லெட்சுமி, நான் இப்போது சம்பவ இடத்தில் நிற்கிறேன். கடிதம் லயத்துக்கு வரப் பத்தொன்பது நாள் எடுத்தது. இந்த இடத்திலிருந்து லயத்துக்கு நடந்தால் பன்னிரண்டு நிமிடம். கடிதம் நடக்க முயற்சி செய்ததற்கான தடயம் எதுவும் இல்லை.”

“ஸ்டான்லி, கடிதத்தின் மனநிலை எப்படி இருந்தது?”

“அமைதியாக இருந்ததாகச் சொல்கிறார்கள், லெட்சுமி.”

நிபுணராக முத்தையா கங்காணி வந்தார். “கடுதாசிக்குக் காலு இல்ல. இத நாங்க வெள்ளக்காரன் காலத்துலயே கவனிச்சிருக்கோம்” என்றார்.

இதற்கு வெளிநாட்டுச் செய்தி ஒன்று வேண்டும் என்று ஸ்டான்லிக்குத் தோன்றியிருக்கிறது. எனக்குப் போன் எடுத்தான். நான் மாட்டேன் என்றேன். பேசிக்கொண்டிருந்தபோது ரெபெக்கா சமையலறைக்கு வந்தாள்.

“மாமா என்ன கேட்குறாங்க?” என்றாள், வழக்கம்போல ஆங்கிலத்தில்.

சொன்னேன். எங்கள் லயத்தில் எந்த வீட்டுக்கும் விலாசம் இல்லை என்பதையும் அப்போதுதான் சொல்ல வேண்டி வந்தது. அவள் என்னையே பார்த்தாள்.

“ஹோட்டல் இல்லையா, அம்மா?”

“இல்ல.”

அவள் தன் போனை என் கையில் கொடுத்துவிட்டு, மழைக் கோட்டைப் போட்டுக்கொண்டு எங்கள் வீட்டு வாசலுக்குப் போய் நின்றாள். நான் படம் எடுத்தேன். அவள் பேசியதை இங்கே அப்படியே தருகிறேன்.

“வணக்கம், லெட்சுமி பெரியம்மா. நான் ரெபெக்கா. லண்டன்ல இருந்து நிக்குது. இங்க எல்லா கதவுக்கும் நம்பர் இருக்கினம். எல்லா கதவுக்கும் ஒரு வாய் இருக்கு. தபால்காரர் வந்து, கடிதத்த கதவோட வாய்ல போடுறாங்க. கதவு அத சாப்பிடாது. உள்ள துப்பும். நாங்க எடுப்போம். ஒவ்வொரு நாளும் இப்படி நடக்கும். யாரும் ஆச்சரியம் இல்ல.”

கதவில் கடிதம் போடும் துவாரத்துக்குத் தமிழில் என்ன சொல்வது என்று அவளுக்குத் தெரியாது. எனக்கும் தெரியாது. ஒரு மின்சாரக் கட்டண உறையை உள்ளே தள்ளி, கதவைத் திறந்து, தரையில் கிடப்பதைக் காட்டினாள். முகத்தில் ஒரு அசைவும் இல்லை. ஸ்டான்லியின் மருமகள்தான் என்று அன்றுதான் எனக்குத் தெரிந்தது.

“தமிழ் பிழையா இருக்கு, திருத்தி எடுப்போம்” என்றேன் ஸ்டான்லியிடம்.

“ஐயோ அக்கா, தொட்டுறாதீங்க” என்றான்.

அந்த நிகழ்ச்சியை எங்கள் பக்கம் பார்க்காதவர்கள் குறைவு. எல்லாரும் சிரித்தது ரெபெக்காவின் செய்திக்குத்தான். வீட்டுக்கு வீடு நம்பர், கதவுக்கு வாய், தினமும் ஒருவர் நடந்து வந்து ஊட்டிவிட்டுப் போகிறார் என்றால் யாருக்குத்தான் சிரிப்பு வராது. எப்படித்தான் யோசிக்கிறாளோ இந்தப் பிள்ளை என்று புஷ்பத்தின் அம்மா கேட்டாராம்.

7

புதன்கிழமை ஆபிசிலிருந்து ஆள் வந்தது. ஸ்டான்லி, புஷ்பம், லெட்சுமி அக்கா மூன்று பேரையும் விசாரணைக்குக் கூப்பிட்டார்கள். ஸ்டான்லி தோட்டத்து வேலைக்காரன் அல்ல. மற்ற இருவருக்கும் அன்றிலிருந்து பெரட்டில் பேர் போடவில்லை. பேர் போடாவிட்டால் அன்றைக்கு வேலை இல்லை.

செய்தி கேட்டு உடனே ஸ்டான்லிக்குப் போன் எடுத்தேன்.

“டேய், அத இப்பவே அழிச்சிரு. நீ கடைய வச்சுப் பொழச்சிக்குவ. லெட்சுமி அக்கா என்ன செய்யும்?”

ஸ்டான்லியிடமிருந்து போனை லெட்சுமி அக்கா வாங்கினார்.

“ஜெசி, நீ அங்க இருந்து பயப்படாத. இங்க இருந்து பயப்பட நாங்க இருக்கோம்.”

கோபமாகச் சொல்லவில்லை. செய்தி வாசிக்கும் குரலில்தான் சொன்னார். எனக்கு அழுகை வந்தது. அன்று மத்தியானம் முழுக்க நான் கழுவிய பீங்கானையே கழுவிக்கொண்டிருந்தேன்.

விசாரணையை ஸ்டான்லி பிறகு எனக்கு விவரித்தான். தோட்டத்தை நிர்வகிக்கப் புதிதாக வந்த துரை, சிங்கள இளைஞர், மேசைக்குப் பின்னால். பக்கத்தில் பெரிய கிளாக்கர் ஒரு நீளக் கொப்பியோடு. துரை, “ஸ்டூடியோ எக்க கொஹெத?” என்று கேட்டார். ஸ்டூடியோ எங்கே என்றால், போர்வை எங்கே காய்கிறதோ அங்கே. ஸ்டான்லி அதைச் சிங்களத்தில் சொன்னான். துரை எழுதச் சொன்னார். கிளாக்கர் எழுதினார்.

“நிலையத்தின் பெயர்?”

“பெரட்டு டிவி.”

“வெளிநாட்டுக் கிளை உண்டா?”

“ஒரு கதவு இருக்குங்க.”

அதையும் எழுதினார்.

“நிலையத்தின் விலாசம்?”

லெட்சுமி அக்காதான் பதில் சொன்னார்.

“விலாசம் இல்லீங்க ஐயா. அதத்தான் நாங்க செய்தியில சொன்னோம்.”

கிளாக்கர் பேனையைக் கொப்பியிலிருந்து எடுத்துவிட்டுத் துரையைப் பார்த்தார். அந்தக் கட்டத்தை நிரப்பாமல் விசாரணையை முடிக்க முடியாது. அதனால் விசாரணையை மறுநாளுக்குத் தள்ளிவைத்தார்கள்.

மறுநாள் மாலை, கொழுந்து நிறுத்து முடிந்ததும், எங்கள் பிரிவான கீழ்க் கணக்குப் பெண்கள் எல்லாரும் வீட்டுக்குப் போகாமல் ஆபிஸ் வாசலில் வரிசையாக நின்றார்கள். எழுபது பேருக்கு மேல். சத்தம் இல்லை, கோஷம் இல்லை. முதலாவது ஆள் உள்ளே போனார்.

“ஐயா, எனக்கு ஏதும் கடுதாசி வந்திருக்குங்களா?”

கிளாக்கர் இல்லை என்றார்.

“கொஞ்சம் பாத்துச் சொல்லுங்கய்யா.”

அவர் எழுந்து அலுமாரியைப் பார்த்தார். இல்லை. “நன்றிங்கய்யா” என்று அந்தப் பெண் வெளியே வர, அடுத்தவர் உள்ளே போனார். அதே கேள்வி. எழுபது முறை. இது லெட்சுமி அக்காவின் யோசனை. ஸ்டான்லி இதைப் படம் எடுக்கவில்லை. எடுக்க வேண்டாம் என்று அக்கா சொல்லிவிட்டார். “இது நிகழ்ச்சி இல்ல தம்பி. நாங்க நெசமாத்தான் கேக்குறோம்.”

நெசமாகத்தான் இருந்திருக்கிறது. அலுமாரிக்குப் பின்னால், மேசை லாச்சிக்குள், பழைய கொப்பிகளுக்கு நடுவில் என்று அன்றைக்குப் பதினொரு கடிதங்கள் கிடைத்தன. ஒன்றில் ஒருவருடைய அடையாள அட்டை; கிடைக்கவே இல்லை என்று அவர் ஏற்கனவே மறுபடி விண்ணப்பித்து வேறு வாங்கியிருந்தார். இன்னொன்று ஒரு கல்யாணக் கடுதாசி. அந்தத் தம்பதிக்கு இப்போது ஒரு குழந்தை.

துரை தன் அறை வாசலில் நின்று கடைசிவரை பார்த்துக்கொண்டிருந்தாராம். மறுநாளும் பெண்கள் வந்தார்கள். மூன்றாம் நாள் காலையில் பெரட்டில் இரண்டு பேருக்கும் பேர் போட்டார்கள்; விசாரணை தள்ளிவைத்தபடியே நின்றுபோனது. இனிமேல் வரும் கடிதங்களை அன்றன்றைக்கே கொழுந்து நிறுக்கும் இடத்தில் வைத்துக் கையில் கொடுப்பது என்றும் ஒரு அறிவித்தல் வந்தது. இது நிர்வாக மேம்பாடு என்றும், எந்த நிகழ்ச்சியோடும் சம்பந்தம் இல்லை என்றும் அதில் தனியாக ஒரு வரி இருந்தது. லெட்சுமி அக்கா அந்த வரியை அடுத்த ஞாயிறு செய்தியில் ஒரு எழுத்தும் மாற்றாமல் சொன்னார்.

தர்ஷினிக்கு அந்த வருடம் போனது போனதுதான். கல்லூரிக்கு முறையீடு அனுப்பினாள். அடுத்த முறை பார்க்கலாம் என்று பதில் வந்தது. நோர்வூட்டில் ஒரு துணிக்கடையில் ஒரு வருடம் நின்றாள். அடுத்த அழைப்பு இரண்டாம் நாளே அவள் கைக்கு வந்தது. வெள்ளைச் சேலையோடு போனாள். கிடைத்தது.

8

இந்த ஆகஸ்டில் நாங்கள் ஊருக்குப் போனோம். ஹட்டனில் ரயிலை விட்டு இறங்கும்போதே வேன்காரர் ரெபெக்காவைப் பார்த்து, “கதவுக்கு வாய் இருக்குன்னு சொன்ன பிள்ளதானே?” என்றார். நோர்வூட் வரைக்கும் அவளிடம் கதை கேட்டுக்கொண்டே வந்தார். அவள் வாய் ஓயாமல் பேசினாள். தமிழில்தான், பிழை பிழையாக. நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். திருத்தவில்லை.

லெட்சுமி அக்காவிடம், அன்று நான் அதை அழிக்கச் சொன்னதைப் பற்றி மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று பிளேனிலேயே வார்த்தைகளைச் சேர்த்து வைத்திருந்தேன். தொடங்கினேன். அக்கா, “டீ ஆறுது, குடி” என்றார். அதோடு அந்தப் பேச்சு முடிந்தது.

நாங்கள் போன மூன்றாம் நாள், வேலை முடிந்து வந்த அக்காவின் கையில் ஒரு கடிதம் இருந்தது. தர்ஷினி கல்லூரியிலிருந்து போட்டது. உறையில் அம்மாவின் முழுப் பெயர், லயம், காம்பரா எல்லாம் அழகாக எழுதியிருந்தாள். அக்கா மூன்றாம் வகுப்போடு நின்றவர். கடிதத்தை என்னிடம் நீட்டினார்.

“எப்ப போட்டிருக்கா, பாரு ஜெசி.”

முத்திரை குத்திய திகதியைப் பார்த்தேன். “முந்தாநேத்து, அக்கா.”

“ரெண்டு நாளு” என்றார். இஸ்தோப்புத் திண்ணையில் உட்கார்ந்து, முதுகிலிருந்த கொழுந்துக் கூடையைக் கழற்றி வைத்தார். “படி.”

பிரித்தேன். முழுத் தாளில் ஒரே ஒரு வரி.

*அம்மா, வந்துச்சா?*

படித்துக் காட்டினேன். அக்கா தாளை வாங்கி இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தார். அழுதாரா என்று தெரியவில்லை. முகத்தைத் துடைத்துக்கொண்டார், மலையிலிருந்து வந்த வியர்வையாகவும் இருக்கலாம்.

“பெரியம்மா, என் போன்ல எடுத்துச் சொல்லுங்க. இப்பவே” என்று ரெபெக்கா போனை நீட்டினாள்.

“நேத்துத்தான் போன்ல அரமணி நேரம் பேசினோம் மகள். இதப் பத்தி ஒரு வார்த்த சொல்லல அவ” என்றார் அக்கா. “கடுதாசியில கேட்டிருக்கா. கடுதாசியிலதான் சொல்லணும்.”

ரெபெக்கா கீழே கடைக்கு ஓடிப்போய் முத்திரையும் உறையும் வாங்கி வந்தாள். அக்கா கை கால் கழுவி, சாமி படத்துக்கு விளக்கேற்றிவிட்டு வந்து என் எதிரில் சம்மணம் போட்டு உட்கார்ந்தார். நான் பேனையோடு காத்திருந்தேன்.

“வந்துச்சுன்னு எழுது” என்றார்.

எழுதினேன்.